இடிந்துவந்த பீட் மேட்டில் ஒரு கற்பதுக்கை: டார்ட்மூர், ஒயிட்ஹார்ஸ் ஹில் நிகழ்வு ஆய்வு

இடமும் பின்னணியும்

இங்கிலாந்தின் தென்மேற்கில், டெவன் மாவட்டத்தில், கருங்கல் அடித்தளத்தின் மேல் விரிந்து கிடக்கும் வெட்டவெளி டார்ட்மூர். மரங்கள் அரிது. புல், ஹெதர் புதர், பாசி, இவற்றுக்கு இடையில் ஆடுகளும் குட்டைக் குதிரைகளும். இதன் மிக உயர்ந்த இடமான ஹை வில்ஹேஸ் 621 மீட்டர். வடக்குப் பகுதியில் ஏறத்தாழ 600 மீட்டர் உயரத்தில் இருக்கிறது ஒயிட்ஹார்ஸ் ஹில். இந்த நிகழ்வு அதன் உச்சியில் இருந்த ஒரு பீட் மேட்டைப் பற்றியது.

பீட் என்பது நீர் தேங்கிய நிலத்தில் முழுதாக மட்காமல் அடுக்கடுக்காகச் சேர்ந்த தாவரக் குவியல். நீலகிரியின் மேல்தளத்துச் சதுப்புகளிலும் இதே வகை மண் உண்டு. ஆண்டுக்கு ஒரு மில்லிமீட்டர் என்ற அளவில்தான் அது வளரும். ஒரு மீட்டர் சேர ஏறத்தாழ ஆயிரம் ஆண்டு வேண்டும். எரிபொருளுக்காக வெட்டியும், காற்றும் மழையும் அரித்தும், சுற்றியிருந்த பீட் போய்விட்டால் நடுவில் சில திட்டுகள் மட்டும் தனித்து நிற்கும். ஒயிட்ஹார்ஸ் ஹில் மேடு அப்படிப்பட்ட எச்சம். தொலைவிலிருந்து பார்த்தால் ஈமக்குவை போலவே தெரியும். ஆனால் அதன் உடலில் பெரும்பங்கு கையால் கொட்டிய மண்ணல்ல, இயற்கையாக வளர்ந்த பீட். பின்னால் எடுத்த முடிவுகள் பலவற்றுக்கு இந்த வேறுபாடுதான் காரணம்.

டார்ட்மூரில் அறியப்பட்ட கற்பதுக்கைகள் ஏறத்தாழ 200. நான்கு பலகைக்கற்களைச் செங்குத்தாக நிறுத்தி, மேலே ஒரு மூடுகல் வைத்து, இறந்தவரை அடக்கம் செய்த சிறு கல்பெட்டி. நம் ஊர்க் கற்பதுக்கைகளைப் பார்த்தவர்கள் பக்கக் கல்லில் குடைந்த இடுதுளையைத் தேட வேண்டாம், இங்கே அது கிடையாது. இவற்றில் பெரும்பாலானவை புதையல் தேடியவர்களாலும் 19ஆம் நூற்றாண்டு ஆர்வலர்களாலும் எப்போதோ திறக்கப்பட்டுவிட்டன. திறந்தவர்கள் கண்டதும் அதிகமில்லை. ஒரு பானை, சில கல்கருவிகள், கொஞ்சம் கரி. அமில மண் எலும்பைக் கரைத்துவிடும். ஆகவே டார்ட்மூர் கற்பதுக்கை என்றாலே வெறும் பெட்டி என்ற எண்ணம் துறையில் ஊறிப்போயிருந்தது.

விழுந்த கல்

2011-க்கு ஏறத்தாழ பத்தாண்டுகளுக்கு முன், மேட்டின் பக்கவாட்டிலிருந்து ஒரு பலகைக்கல் சரிந்து விழுந்தது. அது கற்பதுக்கையின் கடைக்கல் போலத் தோன்றியது. அது விட்டுப்போன இடைவெளிக்குப் பின்னால் பீட்டுக்குள் ஒரு கல்பெட்டி இருப்பது தெரிந்தது. டார்ட்மூரின் மற்றக் கற்பதுக்கைகளைப் போல் இது திறந்து கிடக்கவில்லை. மேட்டுக்குள் மறைந்திருந்ததால் யார் கையும் படாமல் தப்பியிருந்தது.

முதலில் கவனித்தவை மூன்று. ஒன்று, மூடுகல் தன் இடத்திலேயே இருந்தது. இரண்டு, கற்பதுக்கைக்குக் கீழும் மேலும் பீட் இருந்தது. பீட் வளர்ந்துகொண்டிருந்த காலத்திலேயே பெட்டி வைக்கப்பட்டு, அதன்பின் மேலும் பீட் வளர்ந்து மூடியிருக்கிறது. கீழடுக்கிலும் மேலடுக்கிலும் மாதிரி எடுத்துக் கரிமக் காலக்கணிப்பு (எஞ்சியுள்ள கதிரியக்கக் கார்பனை அளந்து காலம் அறிவது) செய்தால், பெட்டியைத் தொடாமலேயே அதன் காலத்தை இரு பக்கமும் வரம்பிட்டுவிடலாம். மூன்றாவது, மேட்டின் முகம் உலர்ந்து வெடித்திருந்தது.

பெட்டிக்குள் இருப்பவற்றின் ஆயுளை முடிவுசெய்வது அந்த மூன்றாவதுதான். நனைந்த பீட்டில் ஆக்சிஜன் குறைவு, அமிலம் அதிகம். மட்கச் செய்யும் நுண்ணுயிர்களுக்கு அங்கே வேலையில்லை. அமிலம் எலும்பின் கனிமத்தைத் தின்னும், ஆனால் மயிர், தோல், கொம்பு போன்ற புரதப் பொருள்களை விட்டுவைக்கும். நன்றாக எரிந்த எலும்பு, பச்சை எலும்பைவிட அமிலத்தைத் தாங்கும். தாவர நார் பெரும்பாலும் அழிந்துபோகும். ஆனால் எல்லாம் நனைந்திருக்கும்வரைதான். நீர்மட்டம் இறங்கிக் காற்று புகுந்தால், நாலாயிரம் ஆண்டு தாங்கிய மயிர்ப்பின்னல் சில பருவங்களில் பொடியாகும். பீட்டுக்கு இன்னொரு குணமும் உண்டு: ஒருமுறை முழுதாக உலர்ந்துவிட்டால் தண்ணீரை ஏற்காது. மழை அதன்மேல் வழிந்தோடிவிடும். நனைத்துச் சரிசெய்யலாம் என்ற எண்ணம் இங்கே பலிக்காது.

காத்து வைப்பதா, தோண்டுவதா

பிரிட்டிஷ் தொல்லியலில் முதல் விதி, இருக்கும் இடத்திலேயே விட்டுக் காப்பது. அடுத்த தலைமுறைக்கு நம்மைவிட நல்ல கருவிகள் இருக்கும் என்பது அதன் நியாயம். இந்த மேட்டிலும் முதலில் அதைத்தான் முயன்றார்கள். அரிப்பு நிற்கவில்லை.

ஏன் நிற்கவில்லை என்பது பீட் மேடுகளைக் கையாளும் எவருக்கும் பயன்படும். தாழ்ந்த சதுப்பில் வடிகால்களை அடைத்தால் நீர்மட்டம் ஏறும். குன்றின் உச்சியில் நாலு பக்கமும் வெட்டுண்டு நிற்கும் திட்டுக்கு அந்த வைத்தியம் இல்லை. சுற்றியுள்ள தரையைவிட அது உயரமாக இருக்கிறது; தண்ணீர் மேலே ஏறி வராது. மழை ஒன்றே அதன் நீர்வரத்து, நாலு முகங்களும் அதன் வடிகால். முகத்தைப் புல்தரைப் பாளங்களாலோ கல்லாலோ மூடினால் காற்றும் ஆட்டுக் குளம்பும் தடுக்கப்படும், உள்ளே நீர் இறங்குவது தடுக்கப்படாது. குளிர்காலத்தில் மேற்பரப்பு நீர் ஊசி ஊசியாக உறைந்து மண்துகளைத் தள்ளும். வசந்தத்தின் வறண்ட காற்று அதை வாரிக்கொண்டு போகும். பாளத்துக்குப் பின்னாலும் இது நடக்கும். ஆடுகள் காற்றுக்கு ஒதுங்கி மேட்டில் சாய்ந்து நிற்பதும் சேர்ந்துகொள்ளும். வெட்டவெளியில் அவற்றுக்கு வேறு மறைவு எது?

ஆகத் தெரிவு ‘காப்பதா, அழிப்பதா’ என்பதல்ல. பதிவோடு இழப்பதா, பதிவில்லாமல் இழப்பதா என்பதே. அகழாய்வு என்று முடிவானது. டார்ட்மூரில் ஒரு கற்பதுக்கை அகழப்படுவது நூறாண்டுகளுக்குப் பின் அதுவே முதல்முறை.

இங்கிலாந்தில் இதற்கான அனுமதிகள் எளிதில் முடிவதில்லை. பாதுகாக்கப்பட்ட சின்னத்தில் கை வைக்கத் தனி ஒப்புதல் வேண்டும். மனித எச்சம் இருக்கக்கூடும் என்றால் 1857ஆம் ஆண்டு அடக்கச் சட்டத்தின்கீழ் உரிமம் வேண்டும். நில உரிமையாளரின் சம்மதம் வேண்டும். வடக்கு டார்ட்மூரின் பெரும்பகுதி இராணுவப் பயிற்சித் திடல் என்பதால் துப்பாக்கிப் பயிற்சி இல்லாத நாள்களையும் பார்த்துக்கொள்ள வேண்டும். டார்ட்மூர் தேசியப் பூங்கா ஆணையம் முன்னின்று நடத்தியது. கள வேலை கார்ன்வால் கவுன்சிலின் தொல்லியல் அணியிடம், பொருள் பாதுகாப்பு வில்ட்ஷயரின் சிப்பன்ஹாமில் உள்ள பாதுகாப்பு மையத்திடம்.

குறிக்கோள் அடக்கமானதுதான்: காலத்தை உறுதி செய்வது, மகரந்தம், தாவர எச்சங்களைக் கொண்டு அன்றைய நிலத்தோற்றத்தை அறிவது, பெட்டி எப்படிக் கட்டப்பட்டது என்று பதிவது. உள்ளே பெரிதாக ஏதும் கிடைக்கும் என்ற எதிர்பார்ப்பு இல்லை.

2011 ஆகஸ்ட்: பெட்டிக்குள்

மேலிருந்த பீட்டை அடுக்கடுக்காக நீக்கி, மாதிரிகள் எடுத்து, மூடுகல்லைத் தூக்கியபின் அந்தக் கணிப்பு தவறென்று தெரிந்தது. பெட்டியின் அடியில் மயிர், தோல், பின்னல் வேலை, மணிகள் எல்லாம் வைத்தது வைத்தபடி இருந்தன.

இந்த இடத்தில் எடுக்கும் முடிவைப் பொறுத்தே மிச்சமெல்லாம். கண்ணில் பட்ட மணியை எடுத்துப் பைக்குள் போடுவதும், அதன் கீழிருப்பதைத் தேடுவதும் களத்தில் எவருக்கும் இயல்பாக வரும் ஆசை. மணிகள் கோத்த நூல் போயிருக்கலாம். கோத்த வரிசை மட்டும் மண்ணில் நிற்கும். ஒரு மணியை அசைத்தால் வரிசை போயிற்று. பின்னல் கூடையின் சுவர், நனைந்த பீட்டின் நிறத்திலேயே, ஒரு மில்லிமீட்டர் தடிப்பில் இருக்கும். காற்றில் ஒரு மணிநேரம் கிடந்தால் விளிம்பு சுருளும். 600 மீட்டர் உயரத்துக் காற்றில் அதைவிடச் சீக்கிரம். எனவே உள்ளிருந்தவற்றைச் சுற்றியிருந்த மண்ணோடு கட்டியாகவே பெயர்த்து ஆய்வகத்துக்குக் கொண்டுபோனார்கள். பிரித்தெடுக்கும் வேலை கூரையின்கீழ் நடந்தது. இந்த நிகழ்வில் மிகச் சரியான முடிவு இதுவே.

கட்டியாகத் தூக்கும் முறை

நனைந்த பீட்டிலிருந்து கட்டி எடுக்கும் வழக்கமான முறையைக் கொஞ்சம் விரித்துச் சொல்வது நல்லது. இங்கே பிழை நடந்தால் பின்னால் எந்த ஆய்வகமும் சரிசெய்ய முடியாது.

பொருள் தெரியும் எல்லையிலிருந்து எல்லாப் பக்கமும் 5 முதல் 10 செ.மீ. மண் விட்டு வெட்ட வேண்டும். இரும்புக் கரண்டி கூடாது. மூங்கில் அல்லது பிளாஸ்டிக் கத்தி போதும், பீட் வெண்ணெய் போல் வெட்டுப்படும். வெட்டும்போதே நுண்துளித் தெளிப்பானால் நனைத்துக்கொண்டே இருக்க வேண்டும். மேற்பரப்பில் முதலில் ஒட்டாத மெல்லிய பிளாஸ்டிக் தாள், அதன்மேல் ஈரப் பஞ்சுத்தாளை இடுக்குகளில் திணித்து மட்டமாக்கல், அதற்கும் மேல்தான் விறைப்பு தரும் உறை. உறைக்குப் பிளாஸ்டர் பட்டை ஒரு வழி, ஊதிப் பெருகும் பாலியூரித்தேன் நுரை மற்றொன்று. இரண்டும் இறுகும்போது சூடாகும். தடித்து ஒரே மூச்சில் ஊற்றினால் உள்ளே நனைந்த தோல் இருக்கும் இடம்வரை அந்தச் சூடு போகும். மெல்லிய அடுக்குகளாக, ஒன்று ஆறியபின் அடுத்தது என்று போட வேண்டும். பிரிக்கும் தாளை மறந்தால் நுரை நேரே மயிரில் ஒட்டும். இது நடக்காத ஒன்றல்ல.

அடிப்பாகத்தை அறுப்பதே கடினம். மெல்லிய எஃகுத் தகட்டைப் பக்கவாட்டிலிருந்து மெதுவாகச் செலுத்தி, அதன்கீழ் பலகையைத் தள்ளி, பட்டைகளால் கட்ட வேண்டும். வேர் குறுக்கிட்டால் தகட்டைத் தள்ளாமல் வேரைத் தனியே அறுக்க வேண்டும். கட்டியின் எடையை முன்னதாகவே கணக்கிட வேண்டும். நனைந்த பீட் ஏறத்தாழ தண்ணீரின் எடைதான். 60 செ.மீ. நீளம், 40 செ.மீ. அகலம், 20 செ.மீ. ஆழம் என்றால் 48 லிட்டர், அதாவது 50 கிலோவுக்கு அருகில். உறையும் பலகையும் தனி. பாதையில்லாத சதுப்பில் நான்கு பேர் தூக்கிப் போகும் சுமை அது. தூக்கும் முன் வடக்குத் திசை அம்புக்குறியையும் மட்ட அளவையும் உறையின் மேலேயே அழியாத மையில் எழுதாவிட்டால், ஆய்வகத்தில் கட்டி எந்தப் பக்கம் நோக்கியிருந்தது என்ற கேள்விக்கு விடை இருக்காது.

ஆய்வகத்தில்

கட்டி வந்ததும் இருட்டிலும் குளிரிலும் வைக்க வேண்டும். 4 டிகிரி செல்சியஸ் அளவு பூஞ்சையைத் தாமதப்படுத்தும். பின் ஊடுகதிர்ப் படம். அதில் வெள்ளீயமும் செம்பும் பளிச்சென்று தெரியும். அம்பர் ஏறத்தாழ தெரியவே தெரியாது, அது கல்லான மரப்பிசின்தானே. படத்தில் இல்லை என்பதால் மண்ணில் இல்லை என்று நினைத்துக் கத்தியை இறக்கக் கூடாது. வெட்டிய மண் முழுவதையும் சல்லடையில் நீரால் அலச வேண்டும். சில மில்லிமீட்டர் அளவே உள்ள மணிகளை விரல் தவறவிடும்.

இன்னொரு வரிசைமுறையும் முக்கியம். நனைந்த மரம், தோல், நார் ஆகியவற்றைப் பாதுகாக்கப் பாலிஎத்திலீன் கிளைக்கால் என்ற மெழுகுப் பொருளை உட்செலுத்தி உறைநிலையில் உலர்த்துவது வழக்கம். அது பெட்ரோலியத்திலிருந்து வருவது, அதில் பழைய கார்பன் இருக்கிறது. பாதுகாத்தபின் எடுக்கும் மாதிரி உண்மையைவிட முந்தைய காலத்தைக் காட்டும். எனவே காலக்கணிப்பு, மரபணு, நார் அடையாளம் மூன்றுக்கும் மாதிரிகளைப் பாதுகாப்புக்கு முன்பே எடுத்துவிட வேண்டும். பாதுகாப்பாளரும் காலக்கணிப்பாளரும் ஒரே மேசையில் உட்கார்ந்து இந்த அட்டவணையைப் போடாத திட்டங்களில் இது தவறிப்போகிறது.

வெளிவந்தவை

அடியில் ஊதா மூர்ப்புல்லால் ஆன ஒரு விரிப்பு. அதன்மேல் எரியூட்டிய எலும்புகள், ஒரு விலங்குத் தோலில் பொதிந்து. ஆய்வில் அது கரடித்தோல் என்று தெரிந்தது. எலும்புகள் 15 முதல் 25 வயதுக்குள்ளான ஒருவருடையவை, மெல்லிய உடல்வாகு. பெண்ணாக இருக்கலாம் என்பதற்குமேல் எலும்பு சொல்லவில்லை. இளவரசி என்று செய்தித்தாள்கள் எழுதியதற்கு ஆதாரம் ஏதுமில்லை.

கூடவே காஞ்சொறி நாரில் நெய்த துணியும், அதன் விளிம்பில் கன்றுத்தோலை முக்கோணங்களாக வெட்டித் தைத்த தொங்கலும் கொண்ட ஒரு பட்டை. அமிலப் பீட்டில் தாவர நார்த்துணி இந்த நிலையில் கிடைப்பது அரிது; பிரிட்டனில் இதற்கு இணை கிடையாது. டிலியா மரத்தின் உட்பட்டை நாரால் பின்னி, மாட்டு மயிரால் தைத்த மூடியுள்ள சிறு கூடை ஒன்று. இம்மரத்தை ஆங்கிலத்தில் லைம் என்பார்கள், எலுமிச்சைக்கும் இதற்கும் உறவில்லை. கூடைக்குள் மணிகளும் ஒரு தீக்கல் சில்லும். மணிகள் மொத்தம் 200-க்கு மேல். பெரும்பாலானவை ஷேல் என்னும் கருநிறப் பாறையிலும் களிமண்ணிலும் செய்த வட்டுகள், அம்பரில் 7, வெள்ளீயத்தில் பெரிய மணி ஒன்று. மாட்டு மயிரைப் பின்னி, 30-க்கு மேற்பட்ட சிறு வெள்ளீயக் குமிழ்களைப் பதித்த கைவளை தனி. செம்புக்கலவை ஊசி ஒன்றும் இருந்தது. ஸ்பிண்டில் என்ற சிறுமரத்தைக் கடைந்து செய்த குமிழ்கள் இரண்டு இணை, அளவில் வேறுபட்டவை. காதுக் குழை போன்றவை. பாம்படத்துக்குத் துளை வளர்த்த காதுகளைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் வேண்டியதில்லை. பிரிட்டனில் மரம் கடைந்ததற்குக் கிடைத்த மிகப் பழைய சான்று இவை.

இவற்றில் அறிவு நோக்கில் கனமானது வெள்ளீயம் என்றே சொல்ல வேண்டும். டெவனும் கார்ன்வாலும் வெள்ளீயத் தாதுவுக்குப் பேர்போனவை. வெண்கலக் காலத்திலேயே அங்கிருந்து வெள்ளீயம் போயிருக்க வேண்டும் என்பது பழைய ஊகம். உலோகமாகவே கிடைத்த சான்றுதான் அதுவரை அரிது. அம்பர் பால்டிக் கரைப் பக்கத்திலிருந்து வரும் பொருள். காற்று வீசும் ஒரு மூலைக் குன்றில் உள்ளூர் உலோகமும் தொலைதூரப் பிசினும் ஒரே கூடையில் இருந்திருக்கின்றன.

காலம்

கரிமக் காலக்கணிப்பின்படி அடக்கம் கி.மு. 1730-க்கும் 1600-க்கும் இடையில் நடந்தது. பீட் மாதிரியில் மட்டும் நம்பியிருந்தால் வரம்பு இவ்வளவு குறுகியிராது. பிற்காலச் செடிகளின் வேர்கள் பழைய பீட்டுக்குள் ஊடுருவிக் காலத்தை இளமையாக்கிக் காட்டும். ஒரே பருவத்தில் வளர்ந்த புல், மயிர், எரிந்த எலும்பு என்று குறுகிய ஆயுள் கொண்ட பொருள்கள் கிடைத்ததால் கணிப்பு இறுகியது.

அதன்பின், மாற்றிச் செய்ய வேண்டியவை

2011 ஆகஸ்டில் களம் முடிந்தது. 2014-ல் பிளிமத் அருங்காட்சியகத்தில் பொருள்கள் மக்கள் பார்வைக்கு வந்தன. இடையில் இருந்ததெல்லாம் ஆய்வக வேலை. இந்த விகிதத்தை நிதி கேட்கும்போதே எழுதிவிட வேண்டும். களச் செலவுக்கு மட்டும் ஒதுக்கிய திட்டத்தில் இப்படியொரு பெட்டி திறந்துகொண்டால், கட்டி குளிர்ப்பெட்டியில் காத்துக் கிடக்கும்.

கல் விழுந்ததற்கும் மூடுகல் எடுத்ததற்கும் இடையில் போன பத்தாண்டு நீளம். உள்ளிருந்தவை தப்பியதில் அதிர்ஷ்டத்துக்குப் பங்கு உண்டு. இனி இதுபோல் ஒரு மேட்டில் கல் வெளித்தெரிந்தால், முதல் மாதத்திலேயே மேட்டு முகத்தில் அரிப்பு ஊசிகளை அடித்து, மண் அரிபட அவை வெளியே நீளும் அளவை அளக்கத் தொடங்க வேண்டும். 30 செ.மீ. துருப்பிடிக்காத கம்பிகள் பத்து போதும். பெட்டியின் அடிமட்டத்துக்குச் சற்றுக் கீழ்வரை, பெட்டியிலிருந்து விலகி, துளையிட்ட குழாய் ஒன்றை இறக்கிக் கோடையிலும் குளிரிலும் நீர்மட்டம் பார்க்க வேண்டும். கோடை நீர்மட்டம் பெட்டியின் அடிக்குக் கீழே இறங்கிய முதல் ஆண்டிலேயே தோண்டுவது என்று வரம்பை முன்கூட்டி எழுதிவைத்தால், முடிவு கருத்துவேறுபாடாக இழுபடாது.

‘டார்ட்மூர் பெட்டிகள் வெறுமை’ என்ற கணிப்பும் திருத்தப்பட வேண்டியது. அந்த அனுபவம் முழுவதும் வடிகாலுள்ள மண்ணில், திறந்து கிடந்த பெட்டிகளிலிருந்து வந்தது. பீட்டுக்குள் மூடிக் கிடக்கும் பெட்டிக்கு அது பொருந்தாது. அப்படிப்பட்ட பெட்டியைத் திறக்கும் நாளில் பாதுகாப்பாளர் களத்திலேயே நிற்க வேண்டும். தகடும் பலகையும் உறைப்பொருளும் மூடுகல்லைத் தூக்கும் முன்பே மேட்டருகே வந்திருக்க வேண்டும். மூடுகல் போனபின் தொலைபேசியில் அழைத்தால் அவர் வரும்வரை பெட்டி காற்றில் கிடக்கும்.

டார்ட்மூரில் தனித்து நிற்கும் மற்ற பீட் திட்டுகளின் முகங்களையும் குளிர்காலம் கழிந்ததும் நடந்து பார்ப்பது நல்லது. ஈரமான கறுப்பு முகத்தில் வெளிறிய கருங்கல் விளிம்பு நேர்கோடாகத் தெரிந்தால் கிளறாமல் படமெடுத்து, இடக்குறிப்போடு பூங்கா ஆணையத்துக்குத் தெரிவிக்க வேண்டும். விழுந்த கல்லைத் தூக்கிப் பழைய இடத்தில் செருகவும் கூடாது. செருகும்போது உதிரும் பீட்டில்தான் முதல் மணி இருக்கும்.